அமெரிக்க வீடுகளுக்குள் இருப்பவர்களைப் பற்றி நாவலும் நகைச்சுவைக் கட்டுரையும் சொல்லுங்கள்

வெள்ளவத்தை வாசகி:

வணக்கம். என் அக்கா ஒஹாயோ மாநிலத்தில் கொலம்பஸ் நகரத்தில் இருக்கிறார். அம்மா போன வருடம் அங்கே ஐந்து மாதம் இருந்துவிட்டு வந்தார். கட்டுநாயக்கா விமான நிலையத்திலிருந்து வாகனத்தில் வரும்போது அவர் சொன்ன முதல் வசனம்: "அங்க மனுசரைக் காணேல்லைப் பிள்ளை, வீடுகள்தான் நிக்குது."

அம்மா ஓய்வு பெற்ற பூமிசாஸ்திர ரீச்சர். ஒரு ஊருக்குப் போனால் அந்த ஊர்ச் சனங்களோடு கதைக்காமல் அவரால் இருக்க முடியாது. அக்காவின் வீட்டுக்கு எதிர்வீட்டில் ஒரு வயதான பெண் இருந்தாராம், காரில் ஏறும்போது கையை ஆட்டுவாராம், அவ்வளவுதான். ஒரு நாள் அம்மா பயற்றம் பணியாரம் செய்து தட்டில் வைத்து அவருடைய கதவைத் தட்டிக் கொடுத்திருக்கிறார். சிரித்த முகத்தோடு வாங்கினாராம். அடுத்த நாள் கழுவிய தட்டு வாசலில் இருந்தது, அதற்குள் ஒரு நன்றி அட்டை, கையால் எழுதியது, நாலு வரி. அம்மா அந்த அட்டையைக் கொழும்புக்குக் கொண்டுவந்து பைபிளுக்குள் வைத்திருக்கிறார். ஆனாலும் விளங்கவில்லை என்கிறார். இவ்வளவு அன்பாக எழுதத் தெரிந்தவர் ஒழுங்கையைக் கடந்து வந்து ஒரு வார்த்தை கதைத்திருக்கலாமே?

வருகிற வைகாசியில் மறுபடியும் போகிறார். அதற்குள் அந்த வீடுகளுக்குள் இருப்பவர்களைத் தெரிந்துகொள்ள வேண்டும் என்கிறார். எனவே என் கேள்வி இது: சாதாரண அமெரிக்கக் குடும்பங்களின் வாழ்க்கையைச் சொல்லும் நாவல்கள், குறிப்பாக நகைச்சுவைக் கட்டுரைகள், எவை? குடிபெயர்ந்த நம் ஆட்களைப் பற்றிய கதைகள் வேண்டாம், அந்தப் பாடு அக்கா மூலம் தெரியும். ஆங்கிலம் பரவாயில்லை. இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு நான் வாசித்து வாசித்து அம்மாவுக்குத் தமிழில் சொல்லுவேன்.

—

கொட்டாஞ்சேனை வாத்தியார்:

தங்கச்சி, கொலம்பஸ் என்றா எழுதியிருக்கிறீர்கள்? அப்படியானால் வேறு எங்கும் தேட வேண்டாம், ஜேம்ஸ் தேர்பரில் தொடங்குங்கள். 1894இல் அதே கொலம்பஸில் பிறந்தவர். சிறுவயதில் அண்ணன் விட்ட அம்பு பட்டு ஒரு கண் போய்விட்டது, மற்றக் கண்ணும் காலப்போக்கில் மங்கியது, அந்தப் பார்வையோடுதான் எழுதினார், படமும் வரைந்தார். 1933இல் வந்த 'மை லைஃப் அண்ட் ஹார்ட் டைம்ஸ்' என்ற சின்னப் புத்தகம் முழுக்க அவருடைய வீடு, அம்மா, தாத்தா, நாய், வேலைக்காரிகள், இரவில் நடந்த கலவரங்கள்.

அதில் அணை உடைந்த கதை ஒன்று இருக்கிறது. 1913 மார்ச் மாதத்தில் ஒஹாயோவில் உண்மையாகவே பெருவெள்ளம் வந்தது, கொலம்பஸின் மேற்குப் பக்கத்தில் நிறையப் பேர் இறந்தார்கள். தேர்பர் எழுதுவது கிழக்குப் பக்கத்தைப் பற்றி, அங்கே வெள்ளம் வர வழியே இல்லை. மத்தியானம் யாரோ ஒருவர் தெருவில் ஓடத் தொடங்குகிறார். பிறகு இன்னொருவர். "அணை உடைந்துவிட்டது" என்று ஒரு குரல், "கிழக்கே போங்கள்" என்று இன்னொரு குரல், கொஞ்ச நேரத்தில் நகரமே கிழக்கே ஓடுகிறது. அணை உடையவில்லை. அடுத்த நாள் எல்லோரும் ஒன்றுமே நடக்காததுபோல வேலைக்குப் போகிறார்கள், அதைப் பற்றிப் பகிடி விடுவதற்கு அந்த ஊரில் இரண்டு வருடத்துக்கு மேல் ஒருவருக்கும் துணிவு வரவில்லை என்று எழுதுகிறார்.

நான் இதை ஏ/எல் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்த காலத்தில் ஒரு நல்ல நகைச்சுவைக் கட்டுரை என்ற அளவில்தான் எனக்கு விளங்கியது. பிறகு 2012 ஏப்ரல் 11 வந்தது. உங்களுக்கும் ஞாபகம் இருக்கும், பின்னேரம் இரண்டு மணிக்குப் பிறகு சுமாத்திராவுக்கு அப்பால் 8.6 அளவில் நிலநடுக்கம், சுனாமி எச்சரிக்கை. நான் அப்போது வெள்ளவத்தையில் தங்கச்சி வீட்டில் இருந்தேன். கடலோர மரைன் டிரைவ் பக்கத்திலிருந்து காலி வீதிக்கு ஏறி, அதையும் கடந்து ஹவ்லொக் வீதிப் பக்கமாகச் சனம் போன போக்கு இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. ஒருவர் குழந்தையை ஒரு கையிலும் ஈரத் துணி வாளியை மறு கையிலும் வைத்துக்கொண்டு ஓடினார், வாளியை ஏன் எடுத்தார் என்று அவருக்கே தெரிந்திருக்காது. அலை வரவில்லை. 2004ஐக் கண்டவர்கள் ஓடினார்கள் என்பதால் அதில் பிழை சொல்ல ஒன்றுமே இல்லை. அன்றைக்கு இரவு தேர்பரை எடுத்து மறுபடியும் வாசித்தேன். அவர் தன் ஊர்ச் சனத்தை இழிவுபடுத்தவில்லை, ஓடும்போது மனிதர்கள் எதைக் கையில் எடுக்கிறார்கள், யாரைத் தூக்குகிறார்கள், யாரை மறந்துவிடுகிறார்கள் என்று அவ்வளவு கவனமாகப் பார்த்திருக்கிறார். உங்கள் அம்மா காணாத மனுசர் எல்லோரும் அந்த ஒரு பின்னேரத்தில் வீட்டுக்கு வெளியே வந்துவிடுகிறார்கள், அதனால்தான் இதை முதலில் சொல்லுகிறேன்.

இன்னொன்று. அதே புத்தகத்தில் அவருடைய அம்மம்மா ஒருவர் வருகிறார். சுவிட்சைப் போட்டுவிட்டு பல்ப் இல்லாத ஹோல்டரை அப்படியே விட்டால், அதிலிருந்து கரண்ட் ஒழுகி வீடெல்லாம் பரவும் என்று நம்பியவர். இந்த இடத்தை அம்மாவுக்குக் கட்டாயம் சொல்லுங்கள்.

தேர்பர் குடும்பம் இருந்த வீடு ஜெஃபர்சன் அவெனியூவில் 77ஆம் இலக்கம். இப்போது அது நினைவில்லமாக இருக்கிறது, பார்க்கப் போகலாம். அக்காவிடம் சொல்லி வையுங்கள்.

—

தெஹிவளை அக்கா:

நான் கலியாணம் கட்டி நாலு வருடம் நியூ ஜெர்சியில் இருந்துவிட்டுத் திரும்பி வந்தவள், அதனால் அந்த நன்றி அட்டைக்கு முதலில் பதில் சொல்லுகிறேன். அது உங்கள் அம்மாவைத் தள்ளி வைத்தது அல்ல. அங்கே பல வீடுகளில் பிள்ளைகளுக்குச் சின்ன வயதிலேயே பழக்கிவிடுவார்கள்: பிறந்தநாளுக்கு யார் என்ன தந்தாலும் உட்கார்ந்து கையால் எழுதி அனுப்ப வேண்டும். சொல்லாமல் ஒரு வீட்டுக்குப் போவதுதான் அவர்களுக்குக் கூச்சம். போன் பண்ணிக் கேட்டுவிட்டுத்தான் போவார்கள். நம் ஊரில் படலையைத் திறந்துகொண்டு "அக்கா நிக்கிறியளோ" என்று போவதைப் பார்த்தால் அவர்கள் பயந்துவிடுவார்கள். எதிர்வீட்டு அம்மா நாலு வரி எழுதியிருக்கிறார் என்றால் அது அவருக்குப் பெரிய விஷயம். அடுத்த தடவை அம்மா அவரை நாள், மணி சொல்லித் தேத்தண்ணிக்குக் கூப்பிட வேண்டும். கட்டாயம் வருவார்.

தெருவில் ஏன் சனம் இல்லை என்பதற்கு வரலாறு இருக்கிறது. இரண்டாம் உலகப் போர் முடிந்து திரும்பி வந்த படையினருக்கு அரசாங்கம் வீட்டுக் கடனுக்கு உத்தரவாதம் கொடுத்தது. நகரத்துக்கு வெளியே தோட்டக் காணிகளில் ஒரே மாதிரி வீடுகளாகக் கட்டித் தள்ளினார்கள். நியூயோர்க்குக்குக் கிட்ட லெவிட்டவுன் என்ற இடத்தில் 1947இல் தொடங்கிச் சில வருடத்தில் 17,000க்கு மேல் வீடுகள். பிறகு 1956 சட்டத்தோடு நெடுஞ்சாலைகள் வந்தன. இப்படி வந்த பல இடங்களில் வீட்டுக்குப் பக்கத்தில் கடை வைக்கச் சட்டமே இடம் கொடுப்பதில்லை, பால் பக்கெட் வாங்கவும் கார் வேண்டும். நடந்து போக இடம் இல்லாத ஊரில் யாரைத் தெருவில் காண்பது?

அந்த வாழ்க்கையை உள்ளே இருந்து எழுதியவர் எர்மா பொம்பெக், அவரும் உங்கள் ஒஹாயோதான், டேட்டன் நகரம். மூன்று பிள்ளைகளின் தாய். 1964இல் ஒரு சின்ன உள்ளூர்ப் பத்திரிகையில் வாரக் கட்டுரை எழுதத் தொடங்கினார், கட்டுரைக்கு 3 டொலர். அடுத்த வருடமே பெரிய பத்திரிகைகளுக்குப் போனது, உச்சத்தில் ஏறக்குறைய 900 பத்திரிகைகளில் வந்தது. 1996இல் இறக்கும்வரை எழுதினார். உடுப்புத் தோய்க்கிறது, பிள்ளைகளைக் காரில் ஏற்றி இறக்குகிறது, காணாமல் போன ஒற்றைக் காலுறை, மனுசன் திருத்துகிறேன் என்று கழற்றிப் போட்ட சாமான். இதையெல்லாம் பத்திரிகையில் எழுதலாம் என்று அதுவரை அதிகம் பேர் நினைக்கவில்லை. அதனால்தான் அவருடைய கட்டுரையை வெட்டிக் குளிர்சாதனப் பெட்டியின் கதவில் ஒட்டி வைத்தார்கள்.

1976இல் வந்த அவருடைய புத்தகத்தின் தலைப்பு, மலசலகூடக் குழிக்கு மேலேதான் புல் எப்போதும் அதிகப் பச்சை என்பது. அக்கரைக்கு இக்கரை பச்சை என்று நாம் சொல்லுவதைப்போல அவர்களிடமும் ஒரு பழமொழி உண்டு, அதைத்தான் திருப்பிப் போட்டிருக்கிறார். யாழ்ப்பாணத்து வளவில் வளர்ந்த எவருக்கும் இது விளக்கம் இல்லாமலே விளங்கும். கிணற்றடித் தண்ணீர் ஓடுகிற இடத்து வாழை எப்படி நிற்கும் என்று அம்மாவுக்குத் தெரியாதா? எனக்கு அந்த ஊரில் முதல் வருடம் சரியான தனிமை. மகள் கைக்குழந்தை, இவர் காலை ஏழுக்குப் போனால் இரவு ஏழுக்குத்தான் வருவார். நூலகத்தில் தற்செயலாக எடுத்த பொம்பெக்கின் புத்தகத்தை வாசித்தபோதுதான் பக்கத்து வீட்டுப் பெண்ணும் என்னைப்போல ஜன்னலுக்குள் இருந்து என்னைப் பார்த்துக்கொண்டிருப்பார் என்ற எண்ணமே வந்தது.

—

நடைபாதைப் புத்தகம்:

மேலே சொன்ன இரண்டும் நல்ல புத்தகங்கள், மறுக்கவில்லை. ஆனால் இவற்றை மட்டும் வாசித்தால் அந்த வீடுகளின் பாதிதான் தெரியும். தெஹிவளை அக்கா சொன்ன அதே லெவிட்டவுனில் தொடக்கத்தில் கறுப்பினத்தவருக்கு வீடு விற்கவில்லை. வெள்ளையர் அல்லாதவர்கள் குடியிருக்கக் கூடாது என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வைத்திருந்தார்கள். போரில் சண்டை பிடித்துவிட்டு வந்த கறுப்பினப் படையினருக்கும் அதே கதவுதான் மூடியது. வெள்ளவத்தையில் வாடகைக்கு வீடு தேடும்போது பெயரைக் கேட்டதும் குரல் மாறுகிற அனுபவம் நம்மில் பலருக்கு இருக்கிறது. ஆகவே ஒரு வீட்டைப் பற்றி வாசித்தால், அந்த வீடு யாருக்குக் கிடைக்கவில்லை என்பதையும் நான் தேடுவேன்.

அதற்கு ஒஹாயோவிலேயே டோனி மொரிசன் இருக்கிறார். 1993இல் நோபல் பரிசு பெற்றவர். ஏரிக்கரையில் இருக்கும் லொரெய்ன் என்ற இரும்பாலை நகரத்தில் பிறந்தார், முதல் நாவலான 'தி புளூவெஸ்ட் ஐ' (1970) அங்கேயே நடக்கிறது. பாலர் வகுப்பு ஆங்கில வாசிப்புப் புத்தகத்தில் வருகிற அழகான வீடு, அம்மா, அப்பா, பூனை, நாய் என்ற வரிகளோடு நாவலைத் தொடங்குகிறார். பிறகு அதே வரிகளை நிறுத்தக் குறிகள் இல்லாமல் போடுகிறார். மூன்றாம் தடவை சொற்களுக்கு நடுவே இடைவெளியும் இல்லை. அந்தப் பக்கத்திலேயே எனக்கு மூச்சு முட்டியது. கதை, நீலக் கண் வேண்டும் என்று கடவுளிடம் கேட்கிற ஒரு கறுப்பினச் சிறுமியைப் பற்றியது. வெள்ளைப் பூச்சு கிறீம் விளம்பரங்களோடு வளர்ந்த நமக்கு அது தூரத்துக் கதை இல்லை. ஒரு எச்சரிக்கை: பிள்ளைக்கு வீட்டுக்குள்ளேயே நடக்கும் மிகக் கொடிய விஷயங்கள் அதில் வருகின்றன. நீங்கள் தனியாக வாசித்துவிட்டு, அம்மாவுக்கு எதைச் சொல்லலாம் என்று முடிவு செய்யுங்கள்.

அம்மாவுக்கு நேரடியாகச் சொல்ல ஏற்றது ஷெர்வுட் அண்டர்சனின் 'வைன்ஸ்பெர்க், ஒஹாயோ' (1919). தனித்தனிக் கதைகளாகவும் ஒரே நாவலாகவும் இருக்கும், ஒரு இரவுக்கு ஒன்று சொல்லலாம். சின்ன ஊர், அதில் ஜோர்ஜ் வில்லர்ட் என்ற இளம் நிருபர். பகலில் வாய் திறக்காத ஊர்க்காரர்கள் இரவில் அவனிடம் வந்து மனதைத் திறக்கப் பார்க்கிறார்கள், பாதியில் நிறுத்திவிடுகிறார்கள். கைகளைப் பற்றிய ஒரு கதையில் வருபவர் முன்னாள் ஆசிரியர், வீண் பழியால் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டவர். சிரிப்பு இல்லை. ஆனால் கையை மட்டும் ஆட்டிவிட்டுக் காரில் ஏறும் அந்த எதிர்வீட்டுப் பெண்ணைப் போன்றவர்களுக்காகவே எழுதியதுபோல எனக்குப் பட்டது. என் பிரதியை மருதானைப் பக்கத்துப் பழைய புத்தகக் கடையில் எடுத்தேன், அட்டை இல்லாமல். காப்புரிமை முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகவும் கிடைக்கும்.

—

கொட்டாஞ்சேனை வாத்தியார்:

தம்பி சொல்லுவது சரி. மொரிசனை நான் சொல்லாமல் விட்டது குறைதான். ஆனால் ஒன்றைச் சேர்க்க வேண்டும், சிரிப்பும் இந்தக் கொடுமையும் ஒரே புத்தகத்தில் இருப்பது மார்க் ட்வெய்னிடம். 'ஹக்கிள்பெரி ஃபின்' லண்டனில் 1884 முடிவிலும் அமெரிக்காவில் 1885இலும் வந்தது. அதில் ஜிம் என்ற அடிமை, ஹக் என்ற சிறுவனோடு தப்பி ஓடுவது எங்கே போக என்று ஞாபகம் இருக்கிறதா? மிசிசிப்பியில் மிதவையில் இறங்கி, கெய்ரோ என்ற ஊரில் ஒஹாயோ ஆறு வந்து சேரும் இடத்தைப் பிடித்து, அந்த ஆற்று வழியாக அடிமை முறை இல்லாத மாநிலங்களுக்குப் போய்விட வேண்டும். ஜிம்முக்கு விடுதலை என்றால் அந்த ஆறுதான். மூடுபனியில் கெய்ரோவைத் தவறவிடுகிறார்கள், அதன் பிறகு மிதவை தெற்கே, அடிமை நாட்டுக்குள்ளே போய்க்கொண்டிருக்கிறது. ட்வெய்ன் நீராவிக் கப்பல் மாலுமியாக அந்த ஆற்றில் வேலை செய்தவர், ஒவ்வொரு வளைவும் அவருக்குத் தெரியும். பூமிசாஸ்திர ரீச்சருக்கு இதைவிட நல்ல நாவல் இல்லை. ஒன்று, கறுப்பினத்தவரை இழிவாகச் சொல்லும் ஒரு சொல் அந்தப் புத்தகம் முழுக்க வருகிறது. அந்தக் காலத்துச் சனம் அப்படிப் பேசியதை அப்படியே எழுதியிருக்கிறார், நீங்கள் தமிழில் சொல்லும்போது அதை விட்டுவிடலாம்.

—

சங்க நூலகத்துச் சனிக்கிழமை:

ட்வெய்ன் கொழும்புக்கு வந்திருக்கிறார் என்பதையும் அம்மாவிடம் சொல்லுங்கள். 1894இல் அவருடைய பதிப்பகம் முறிந்து, அச்சுக் கோக்கும் இயந்திரம் ஒன்றில் போட்ட பணமும் போய், கடனை அடைக்க உலகம் சுற்றி மேடையில் பேசப் புறப்பட்டார். அந்தப் பயணத்தில் 1896 ஜனவரியில் இங்கே இறங்கி, கோட்டையில் பிரிஸ்டல் ஹோட்டலில் தங்கினார். நம் தெருவில் போன சனத்தின் உடுப்பு நிறங்களைப் பார்த்து மயங்கி எழுதியிருக்கிறார். நடுவில், மிஷன் பள்ளியிலிருந்து ஐரோப்பிய உடுப்பில் வரிசையாக வந்த நம் பிள்ளைகளைக் கண்டு மனம் வருந்துகிறார். 1897இல் வந்த பயண நூலில் அந்தப் பக்கங்கள் இருக்கின்றன. நம் ஊரை அவர் எப்படிப் பார்த்தார் என்று தெரிந்துகொண்டு அவருடைய ஊருக்குள் போவது எனக்குப் பிடித்திருந்தது.

அம்மா தானே தமிழில் வாசிக்கவும் ஏதாவது வேண்டும் அல்லவா. அசோகமித்திரனின் 'ஒற்றன்' கட்டாயம். 1973இல் அயோவா பல்கலைக்கழகத்தின் சர்வதேச எழுத்தாளர் திட்டத்துக்குப் போய் இருந்த மாதங்களை வைத்து எழுதிய நாவல். பல நாட்டு எழுத்தாளர்கள் ஒரே தொடர்மாடியில் இருக்கிறார்கள். குளிர், சாப்பாடு, பஸ், அடுத்த அறையில் இருப்பவரின் கோபம், இவ்வளவுதான் விஷயம். அவர் குரலை உயர்த்தவே மாட்டார். அமெரிக்கர்களைப் புகழவும் இல்லை, பழிக்கவும் இல்லை.

சாவியின் 'வாஷிங்டனில் திருமணம்' என்று யாராவது சொல்லுவார்கள். அறுபதுகளில் ஆனந்த விகடனில் கோபுலுவின் படங்களோடு வந்த தொடர், வாசித்தால் வாய்விட்டுச் சிரிப்பீர்கள், சம்பந்தி சண்டையைப் பார்க்க அமெரிக்கர்கள் ஆசைப்படுகிற இடம் ஒன்றே போதும். ஆனால் அது தமிழ்க் கலியாணத்தைப் பற்றிய புத்தகம், அமெரிக்கர்கள் அதில் விருந்தாளிகள் மாதிரி. நீங்கள் கேட்டது அது அல்ல. பிளேனில் வாசிக்கக் கொடுத்து விடலாம்.

—

வெள்ளவத்தை வாசகி:

எல்லோருக்கும் நன்றி, மூன்று வாரம் கழித்து எழுதுகிறேன். தேர்பரின் புத்தகம் கிடைத்தது. அணைக் கதையைச் சொன்னபோது அம்மா சிரிக்கவே இல்லை, "உடைஞ்சதோ இல்லையோ, அதை முதல் சொல்லு" என்று இரண்டு தடவை கேட்டார். உடையவில்லை என்று தெரிந்த பிறகுதான் மூச்சு விட்டார். பிறகு 2012இல் நாங்கள் ஓடியதைச் சொல்லத் தொடங்கினார். கீழ் மாடியில் இருந்த சிங்களக் குடும்பத்துப் பாட்டியை இரண்டு பேர் கதிரையோடு தூக்கிக்கொண்டு போனதை நான் மறந்தே போயிருந்தேன். அம்மாவுக்கு அவருடைய சேலை நிறம்கூட ஞாபகம் இருக்கிறது. கரண்ட் ஒழுகும் அம்மம்மாவுக்கு மட்டும் நன்றாகச் சிரித்தார், தன் மாமியார் பிளக் துளைகளுக்குள் துணி அடைத்து வைத்தவர் என்று.

தெஹிவளை அக்கா, நீங்கள் சொன்னதைக் கேட்டு அம்மா எதிர்வீட்டுப் பெண்ணுக்கு ஒரு கடிதம் எழுதிவிட்டார். தமிழில் எழுதினார், நான் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்தேன், வைகாசி இரண்டாம் சனிக்கிழமை பின்னேரம் நாலு மணிக்குத் தேத்தண்ணிக்கு வரச் சொல்லி. பெயர் தெரியாததால் உறையில் வீட்டு இலக்கத்தை மட்டும் போட்டோம்.

வைன்ஸ்பெர்கில் அந்த ஆசிரியரின் கதைக்குப் பிறகு அம்மா நெடுநேரம் கதைக்கவில்லை, அதனால் இப்போதைக்கு நிறுத்தி வைத்திருக்கிறேன். மொரிசனை நான் தனியாக வாசிக்கிறேன், பாதிதான் முடிந்திருக்கிறது. நடைபாதைப் புத்தகம், நீங்கள் சொன்ன அந்த முதல் பக்கத்தை நான் நாலு தடவை வாசித்தேன்.

ஹக் ஃபின் இப்போது ஒவ்வொரு இரவும். அம்மா பழைய பள்ளிக்கூட அட்லஸை எடுத்து, செயின்ட் லூயிஸிலிருந்து பென்சிலால் மெல்லிய கோடு போட்டுக்கொண்டு வருகிறார். ஒஹாயோ ஆற்றை சின்சினாட்டியிலிருந்து கீழே பிடித்து, கெய்ரோவில் ஒரு வட்டம். நேற்று மூடுபனி அதிகாரம். ஊர் தவறிவிட்டது என்று நான் இன்னும் சொல்லவில்லை. அம்மா கோட்டை வட்டத்துக்குக் கிட்டவரை கொண்டுவந்து வைத்துவிட்டு, "இனி இடப்பக்கம் திரும்ப வேணும், வலப்பக்கம் பார்த்துக்கொண்டு போனாத் தவறிப்போடும், அவங்களுக்கு ஆர் சொல்லுறது" என்று கேட்டுவிட்டுப் படுக்கப் போனார்.